முடிச்சில் கட்டிய கணக்கு: இன்காக்களின் கிப்பு பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இன்காக்கள் கயிற்றில் முடிச்சு போட்டு ஒரு பேரரசையே நிர்வாகம் செய்தார்கள் என்று பேச்சுவாக்கில் ஒருமுறை சொல்லப்போக, அன்றிலிருந்து அதே பத்துப் பதினைந்து கேள்விகள் வெவ்வேறு வாயிலிருந்து வந்துகொண்டே இருக்கின்றன. ஒவ்வொரு முறையும் முதலிலிருந்து சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டது. அதனால் கேட்டவர்கள் கேட்டபடியே இங்கே போட்டுவிட்டேன்.

கிப்பு, கீப்பு, க்விப்பு... எதுதான் சரி? அப்படின்னா என்ன?

கெச்சுவா மொழியில் 'கிப்பு' என்றாலே முடிச்சு. இன்காக்களின் ஆட்சிமொழி அதுதான், ஆண்டிஸ் மலைப்பகுதியில் இன்றும் லட்சக்கணக்கானோர் பேசுகிறார்கள். ஸ்பானியர்கள் தங்கள் எழுத்துமுறைப்படி எழுதியதை ஆங்கிலம் வழியாகப் படித்தவர்கள்தான் 'க்விப்பு' என்கிறார்கள். கிப்பு என்றே சொல்லுங்கள்.

பொருள் ரொம்ப எளிமையானது. தடிமனான ஒரு தாய்க்கயிறு, அதிலிருந்து வரிசையாகத் தொங்கும் மெல்லிய கயிறுகள், அவற்றில் முடிச்சுகள். தொங்கும் கயிற்றிலிருந்தே இன்னொரு கிளைக்கயிறு கட்டியிருக்கலாம், அதிலிருந்து மற்றொன்றும் கட்டியிருக்கலாம். பெரும்பாலும் பருத்தி, சிலவற்றில் லாமா, அல்பாகா போன்ற விலங்குகளின் ரோமம். நாலைந்து கயிறு மட்டும் உள்ளதும் உண்டு, ஆயிரத்தைத் தாண்டியதும் உண்டு. அருங்காட்சியகக் கண்ணாடிக்குள் விரித்து வைத்தால் சூரியன் மாதிரி அழகாகத் தெரியும், ஆனால் சுருட்டிக் கட்டினால் பழைய துடைப்பம் மாதிரிதான் இருக்கும்.

இன்கா, மாயா எல்லாம் ஒண்ணுதானே?

இல்லை. மாயாக்கள் மெக்சிகோ, குவாத்தமாலா பக்கம், அவர்களுக்குக் கல்லிலும் ஏட்டிலும் எழுதிய எழுத்து இருந்தது. இன்காக்கள் தென் அமெரிக்கா, தலைநகர் இன்றைய பெருவில் உள்ள குஸ்கோ. கொலம்பியாவின் தெற்கு ஓரத்திலிருந்து சிலியின் நடுப்பகுதி வரை ஏறக்குறைய 4,000 கிலோமீட்டர் நீளத்துக்கு ஆண்டார்கள். 1532இல் ஸ்பானியப் படைத்தலைவன் பிஸாரோ கஹமார்க்கா என்ற ஊரில் மன்னன் அதாவால்பாவைப் பிடித்தபோது அந்த அரசு உச்சத்துக்கு வந்து நூறு வருஷம்கூட ஆகியிருக்கவில்லை. இவ்வளவு பெரிய அரசில் மையில் எழுதிய ஒரு ஏடுகூட இல்லை என்பதால்தான் கயிறு இவ்வளவு முக்கியமாகிறது.

கிப்புவை இன்காக்கள்தான் கண்டுபிடித்தார்கள் என்றும் சொல்லிவிடாதீர்கள். அவர்களுக்குப் பல நூற்றாண்டு முன்பே அதே மலைகளில் ஆண்ட வாரி மக்களிடம் கிப்பு இருந்தது. அது முடிச்சைவிட வண்ணநூல் சுற்றியே அதிகம் சொல்லும் வகை.

மறக்காம இருக்க முந்தானையில முடிச்சு போடுவோமே, அந்த மாதிரி ஞாபகக் குறிப்புதானே?

ரொம்ப நாள் அறிஞர்கள் பலரும் அப்படித்தான் நினைத்தார்கள். முந்தானை முடிச்சு ஏதோ ஒன்றை மறக்காதே என்று மட்டும் சொல்லும், எதை என்பது கட்டியவருக்குத்தான் தெரியும், பக்கத்து வீட்டுக்காரர் பார்த்தால் ஒன்றும் புரியாது. கிப்புவின் எண்கள் அப்படி இல்லை. 500 வருஷம் கழித்து, அந்த மொழியே தெரியாத ஒருவர் எடுத்துப் பார்த்து 'இந்தக் கயிற்றில் 352' என்று சொல்லிவிட முடிகிறது. பொதுவான விதி இருந்தால்தானே அது நடக்கும்?

ஆனால் 352 என்ன என்று கேட்டால் மாட்டிக்கொள்வோம். லாமாவா, ஆளா, மக்காச்சோள மூட்டையா? இந்தப் பக்கம் முழுக்கத் திரும்பத் திரும்ப வரப்போவது இதுதான்: கணக்கு நமக்குத் தெரிகிறது, எதன் கணக்கு என்பது தெரியவில்லை.

சரி, 352ஐக் கட்டிக் காட்டுங்க பார்ப்போம்.

ஒரு கயிற்றைச் செங்குத்தாகத் தொங்கவிடுங்கள். மேல் முனை தாய்க்கயிற்றில் இருக்கிறது. மேலே ஓரிடத்தில் மூன்று சாதாரண ஒற்றை முடிச்சுகளை அடுத்தடுத்துப் போடுங்கள், அது நூறின் இடம், அதாவது 300. கொஞ்சம் இடைவெளி விட்டு அதேபோல ஐந்து முடிச்சு, அது 50. மறுபடி இடைவெளி விட்டு, கீழே ஒன்றின் இடத்தில் இரண்டு தனித்தனி முடிச்சு போடக் கூடாது. ஒரே முடிச்சுக்குள் கயிற்றை இரண்டு சுற்று சுற்றி இழுக்க வேண்டும், பார்க்க நீளமாக இருக்கும். சுற்று எத்தனையோ எண் அத்தனை. இப்படி 2 முதல் 9 வரை போகலாம். ஆயிரம், பத்தாயிரம் வேண்டுமென்றால் இன்னும் மேலே ஏற வேண்டியதுதான்.

அப்போ 1? ஒரே ஒரு சுற்று சுற்றினால் அது சாதாரண ஒற்றை முடிச்சாகவே ஆகிவிடும், பத்தின் இடத்து முடிச்சோடு குழம்பும். அதனால் ஒன்றின் இடத்தில் வரும் 1க்கு மட்டும் எட்டு போலத் தெரியும் வேறொரு முடிச்சு. எனக்கு இந்த முறையில் ரொம்பப் பிடித்த இடம் இதுதான். யாரோ ஒருவர் கட்டிப் பார்த்து, 'அடடா, இது இடிக்குதே' என்று யோசித்து, மாற்று வழி கண்டுபிடித்திருக்கிறார். ஒன்றின் இடத்துக்கு மட்டும் தனி வகை முடிச்சு வைத்ததில் இன்னொரு லாபமும் உண்டு. அந்த முடிச்சைப் பார்த்தாலே எண் அங்கே முடிகிறது என்று தெரிந்துவிடும், அதற்குக் கீழே அதே கயிற்றில் இரண்டாவது எண்ணைக்கூடக் கட்டலாம்.

பூஜ்யம் அவங்களுக்குத் தெரியுமா?

பூஜ்யத்துக்கென்று முடிச்சு கிடையாது. அந்த இடத்தைக் காலியாக விட்டுவிடுவார்கள். 302 என்றால் மேலே மூன்று முடிச்சு, நடுவில் வெறும் கயிறு, கீழே இரண்டு சுற்று. பழைய தமிழ் எண்முறையோடு வைத்துப் பார்த்தால் வித்தியாசம் புரியும். ௩௱௨ என்று எழுதும்போது நூறுக்கே தனிக் குறி இருப்பதால் காலி இடம் என்ற பேச்சே எழாது. கிப்புவில் இடம்தான் மதிப்பைச் சொல்கிறது, ஆகவே காலியும் ஒரு தகவல்தான்.

காலி இடம் என்று எப்படித் தெரியும், இடைவெளி கொஞ்சம் கூடிப்போனதாகவும் இருக்கலாமே என்று உடனே கேட்பீர்கள். பக்கத்துக் கயிறுகளைப் பார்க்க வேண்டும். நல்ல கிப்புவில் நூறுகள் எல்லாம் ஒரே மட்டத்திலும் பத்துகள் எல்லாம் ஒரே மட்டத்திலும் வரும், பேரேட்டில் பத்தி பிரித்து எழுதுவது போல.

கூட்டல் கழித்தலெல்லாம் முடிச்சைப் போட்டு அவிழ்த்தே செய்தார்களா?

அது ரொம்ப மெதுவான வேலை, இல்லையா? கணக்குப் போடுவதற்கு 'யுபானா' என்ற கட்டப்பலகை இருந்தது, கட்டங்களில் விதை, கல் போன்றவற்றை வைத்து நகர்த்துவார்கள். குவாமன் போமா என்ற ஆண்டிஸ்காரர் 1615 வாக்கில் ஸ்பெயின் மன்னருக்கு எழுதிய நூலில் கிப்புவை இரு கையால் விரித்துப் பிடித்தபடி நிற்கும் கணக்கரை வரைந்திருக்கிறார், அவர் காலடியில் அந்தப் பலகையும் இருக்கிறது. பலகையில் போட்டு, விடையைக் கயிற்றில் ஏற்றுவார்கள் என்று எடுத்துக்கொள்ளலாம்.

இதெல்லாம் சரின்னு எப்படிச் சொல்றீங்க? முடிச்சைப் பார்த்து நீங்களே எண்ணைக் கற்பனை பண்ணிக்கலாமே?

நியாயமான சந்தேகம். 1912இல் லேலண்ட் லாக் என்ற அமெரிக்கர் நியூயார்க் அருங்காட்சியகத்தில் இருந்த கிப்புகளை வைத்து இந்தப் பதின்ம முறையை விளக்கினார். ஆதாரம் கயிற்றிலேயே இருந்தது. சில கிப்புகளில் நாலைந்து கயிறுகளைச் சேர்த்துப் பிடித்தாற்போல ஒரு கயிறு மேல்நோக்கிக் கட்டப்பட்டிருக்கும். கீழே தொங்குபவற்றின் எண்களைக் கூட்டினால் மேலே உள்ள கயிற்றில் அதே எண் வருகிறது. ஒருமுறை வந்தால் தற்செயல், திரும்பத் திரும்ப வந்தால்?

பின்னர் மார்சியா ஆஷர் என்ற கணிதப் பேராசிரியையும் அவர் கணவர் ராபர்ட் ஆஷரும் 1970களில் தொடங்கி இருநூறுக்கும் மேற்பட்ட கிப்புகளைக் கயிறு கயிறாக, முடிச்சு முடிச்சாகப் பதிவு செய்தார்கள். கூட்டுத்தொகை மட்டுமல்ல, தொகையின் தொகையும், ஒரு பகுதியின் எண்கள் வேறொரு பகுதியில் ஒழுங்காகப் பிரிந்து வருவதும் தெரிந்தன. எல்லாக் கிப்புவும் இதற்கு அடங்குவதில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். அடங்காதவற்றுக்குப் பிறகு வருகிறேன்.

கட்டியது யார்? கணக்குப்பிள்ளை ஒரு முடிச்சைக் கூட்டிக் குறைச்சா யாருக்குத் தெரியும்?

கிப்புகமாயுக் என்ற அலுவலர்கள், அதாவது கிப்புவைக் கவனித்துக்கொள்பவர்கள். தாய் வழியில் இன்கா அரசகுலத்தவரான கார்சிலாசோ தெ லா வேகா 1609இல் வெளியான நூலில் இதற்குச் சொல்லும் பதில் பிரமாதம்: ஊர் எவ்வளவு சிறியதாக இருந்தாலும் குறைந்தது நான்கு கணக்கர்கள், எல்லாரும் ஒரே கணக்கைத் தனித்தனியாக வைத்திருக்க வேண்டும். ஒருவர் ஏமாற்றினால் மற்ற மூவர் கயிறு காட்டிக்கொடுக்கும், ஏமாற்றுவதென்றால் நாலு பேரும் சேர வேண்டும். கார்சிலாசோ தன் தாய்வழியைக் கொஞ்சம் மிகையாகப் புகழ்பவர்தான், ஆனாலும் ஒரே கணக்கைக் கொண்ட இரட்டைக் கிப்புகள் நிஜமாகவே கிடைத்திருக்கின்றன.

இவர்கள் எல்லாரும் மேல்தட்டு ஆட்கள் என்ற எண்ணம் அண்மையில் ஆட்டம் கண்டது. ஒரு கிப்புவின் தாய்க்கயிறு மனிதத் தலைமுடியால் ஆனது. 2025இல் வெளியான ஆய்வில் அந்த முடியின் வேதியியலைச் சோதித்ததில், அதற்குரியவர் பிரபுக்களைப் போல இறைச்சியும் மக்காச்சோளமும் தின்றவராக இல்லை, கிழங்கும் கீரையும் உண்ட சாதாரண ஆளாகத் தெரிகிறார். முடி கட்டியவருடையதுதான் என்று எடுத்துக்கொண்டால், ஊர்க்காரர்களும் கட்டியிருக்கிறார்கள்.

அப்படி என்னதான் கணக்கு வச்சாங்க?

முதலில் ஆள் கணக்கு. இன்கா அரசில் பணம் கிடையாது, வரி என்பது உழைப்பு. ஒவ்வொரு குடும்பமும் முறை வைத்து அரசுக்கு வேலை செய்ய வேண்டும், அதன் பெயர் மித்தா. ஆகவே எந்த ஊரில் எத்தனை குடும்பம் என்று தெரியாமல் அரசு ஓராண்டுகூட ஓடாது. குடும்பங்களைப் பத்து, நூறு, ஆயிரம், பத்தாயிரம் என்று அடுக்கி ஒவ்வொரு அடுக்குக்கும் ஒரு தலைவர் வைத்தார்கள். கயிற்றில் உள்ள பதின்ம இடங்களும் நிர்வாகத்தின் அடுக்குகளும் ஒன்றாக இருப்பதைக் கவனித்தீர்களா?

இன்றைய பெருவின் தலைநகரான லிமா அருகே புருச்சுகோவில் ஒரு வீட்டுத் தரைக்கடியில் தாழியில் வைத்துப் புதைத்த 21 கிப்புகள் 1956இல் கிடைத்தன. அவற்றில் ஏழு கிப்புகளை ஆராய்ந்த கேரி உர்ட்டனும் கேரி பிரஸைனும் 2005இல் சொன்னது: அவை மூன்று மட்டங்களாக இருக்கின்றன, கீழ்மட்டக் கிப்புகளின் எண்களைக் கூட்டினால் மேல்மட்டக் கிப்புவின் எண் வருகிறது. தாலுகாக் கணக்கு மாவட்டத்துக்குப் போவது போல.

அடுத்து கிடங்குக் கணக்கு. கன்யெத்தே பள்ளத்தாக்கில் இன்காவாசி என்ற இடத்தில் உள்ள அரசுக் கிடங்கில், நிலக்கடலை, மிளகாய், பீன்ஸ் இவற்றோடேயே கிப்புகள் கிடந்தன. எதன் கணக்கு என்று ஊகிக்கக் கிடைத்த அபூர்வ வாய்ப்பு இது. மிளகாயோடு கிடந்தது மிளகாய்க் கணக்காகத்தானே இருக்கும்! (கடலையும் மிளகாயும் அந்தக் கண்டத்திலிருந்து கிளம்பித்தான் நம் அடுப்படிக்கு வந்தன.)

நிறம் எதுக்கு? சிவப்புன்னா போர், மஞ்சள்னா தங்கம்னு படிச்சேனே?

அப்படிப் பழைய ஸ்பானிய நூல்களில் எழுதியிருக்கிறது, ஆனால் அகராதி மாதிரி எல்லாக் கிப்புவுக்கும் பொருந்தும் நிறப்பட்டியல் கிடையாது. நிறம் நிச்சயமாக வகை பிரிக்கிறது. ஒரே வரிசை நிறங்கள் குழுக் குழுவாகத் திரும்ப வரும், ஒவ்வொரு குழுவிலும் பழுப்புக் கயிறு ஒரே பொருளைக் குறித்திருக்கலாம். அது எந்தப் பொருள் என்பதுதான் முன்னால் சொன்ன அதே சிக்கல். நூலை எந்தப் பக்கம் முறுக்கியது, முடிச்சு எந்தப் பக்கம் சாய்கிறது, கயிறு தாய்க்கயிற்றின் முன்பக்கமாகக் கட்டியதா பின்பக்கமா என்பதெல்லாமும் வேண்டுமென்றே செய்தவை போலத்தான் தெரிகின்றன.

கடைசியில இது எழுத்தா இல்லையா? கதை, வரலாறு எல்லாம் கட்ட முடியுமா?

மேலே 'அடங்காதவை' என்றேனே, அவை இங்கே வருகின்றன. கணிசமான கிப்புகளில் முடிச்சுகள் பதின்ம இடத்துக்குள் நிற்பதில்லை. ஸ்பானியக் காலத்து எழுத்தாளர்கள் பலரும் கிப்புவைப் பார்த்து அரசர் வரிசை, சட்டம், போர்ச் செய்தி எல்லாம் வாசித்தார்கள் என்கிறார்கள். ஓட்டத் தூதர்களான சாஸ்கிகள் கிப்புவைத் தொடர் ஓட்டமாகக் கொண்டுபோனார்கள்.

2017இல் சபின் ஹைலண்ட் என்ற மானிடவியலாளர் பெருவின் சான் ஹுவான் தெ கொயாட்டா கிராமத்தில் மரப்பெட்டியில் பாதுகாத்து வந்த இரண்டு கிப்புகளைப் பற்றி எழுதினார். ஊர்க்காரர்கள் அவற்றைப் போர் குறித்துத் தலைவர்கள் எழுதிய கடிதங்கள் என்கிறார்கள். அவற்றில் எண்முடிச்சு வரிசை இல்லை. நிறம், ரோமம் எந்த விலங்கினுடையது, முறுக்கின் திசை ஆகியவற்றைச் சேர்த்துப் பார்த்தால் 95 வெவ்வேறு குறிகள். விக்குன்யா, அல்பாகா, லாமா, மான் என்று ஆறு விலங்குகளின் ரோமம், வித்தியாசத்தைக் கையால் தடவித்தான் கண்டுபிடிக்க வேண்டும் என்று ஊர்க்காரரே சொல்லிக்கொடுத்தாராம். 95 என்பது அசையெழுத்துக்கு, அதாவது ஓர் அசைக்கு ஒரு குறி வைக்கும் எழுத்துமுறைக்கு, ஒத்துவரும் எண்ணிக்கைதான். ஆனால் இவை 18ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவை, அதற்குள் அந்த மக்கள் ஸ்பானிய எழுத்தை இருநூறு வருஷம் பார்த்துவிட்டார்கள். அதனால் இன்காக்களும் இப்படித்தான் எழுதினார்கள் என்று சொல்ல நான் தயங்குவேன். என்னைக் கேட்டால், எண் கிப்பு நிச்சயம் ஒரு பதிவுமுறை, கதைக் கிப்பு இருந்தது என்று நம்ப நல்ல காரணம் இருக்கிறது, ஒன்றைக்கூட இன்னும் யாரும் வாசித்துக் காட்டவில்லை.

ஸ்பானியர்கள் வந்ததும் எல்லாத்தையும் எரிச்சுட்டாங்களாமே?

முழுக்க அப்படி இல்லை, ஆரம்பத்தில் நேர்மாறு. 1533இல் பிஸாரோவின் தம்பி எர்னாண்டோ எழுதிய கடிதத்தில் ஒரு காட்சி வருகிறது. ஸ்பானியர்கள் இன்கா கிடங்கிலிருந்து பொருள் எடுத்தபோது, கணக்கர் ஒரு பக்கத்து முடிச்சுகளை அவிழ்த்து இன்னொரு பக்கத்தில் முடிச்சு போட்டாராம். நாட்டையே பிடுங்கிக்கொண்டிருக்கிறார்கள், இவர் பற்று வரவு எழுதிக்கொண்டிருக்கிறார்!

அதைக் கேலியாக எடுத்துக்கொள்ள வேண்டாம். ஹௌஹா பகுதியில் வாழ்ந்த வாங்கா இனத் தலைவர்கள் 1533 முதல் ஸ்பானியர்களுக்குக் கொடுத்த ஆள், லாமா, துணி, மக்காச்சோளம் எல்லாவற்றையும் கிப்புவில் வைத்திருந்து, 1561இல் லிமா உயர் நீதிமன்றத்தில் அந்தக் கயிறுகளைக் காட்டிக் கணக்கு ஒப்பித்தார்கள். மனமுவந்து கொடுத்தது தனி, கொள்ளை போனது தனி. நீதிமன்றமும் அதைச் சாட்சியாகப் பதிவு செய்துகொண்டது.

எரிப்பு பிறகு வந்தது. 1583இல் முடிந்த மூன்றாம் லிமா திருச்சபை மாநாடு பழைய வழிபாட்டோடு தொடர்புள்ள கிப்புகளை அழிக்கச் சொன்னது. அதே காலத்தில் பாவசங்கீர்த்தனத்துக்கு வருபவர்கள் தங்கள் பாவங்களைக் கிப்புவில் முடிந்துகொண்டு வருவதைப் பாதிரியார்கள் அனுமதிக்கவும் செய்தார்கள். இன்று ஆயிரத்துக்கு மேற்பட்டவை உலகெங்கும் இருக்கின்றன, பெர்லின் அருங்காட்சியகத்தில்தான் அதிகம். பெரும்பாலானவை வறண்ட கடற்கரைக் கல்லறைகளில் கிடைத்தவை. எங்கே, யாரோடு கிடந்தது என்று குறித்துவைக்காமல் தோண்டி விற்றவர்களும் எரித்தவர்களுக்குச் சமமான சேதம் செய்திருக்கிறார்கள் என்பது என் அபிப்பிராயம்.

இவ்வளவு கம்ப்யூட்டர் இருக்கு, ஏஐ இருக்கு, படிச்சுட முடியாதா?

வடிவங்களைத் தேட கணினி உதவுகிறது, 2002இலேயே ஹார்வர்டில் கிப்பு தரவுத்தளம் ஒன்றைத் தொடங்கினார்கள். ஆனால் கயிற்றில் உள்ளதையே ஸ்பானியத்திலும் எழுதிய ஒரு தாள் கிடைக்காமல் பொருள் பிடிபடாது. அதற்குப் பக்கத்தில் வந்தது சாந்தா பள்ளத்தாக்கைச் சேர்ந்ததாகக் கருதப்படும் ஆறு கிப்புகள். அதே பகுதியில் 1670இல் ஸ்பானியர் எடுத்த வரிக் கணக்கில் 132 பேர் இருக்கிறார்கள், கிப்புகளிலும் ஏறக்குறைய அத்தனை கயிற்றுக் குழுக்கள். இதைத் தன் விடுமுறையில் உட்கார்ந்து ஒப்பிட்டுப் பார்த்தவர் மானி மெட்ரானோ, அப்போது அவர் கல்லூரி மாணவர். கயிறு கட்டிய பக்கம் அந்த ஆள் ஊரின் எந்தப் பிரிவைச் சேர்ந்தவர் என்பதைக் காட்டலாம் என்பது அவரும் உர்ட்டனும் சேர்ந்து சொன்னது. பொருள் பக்கம் நாம் எடுத்துவைத்த முதல் அடிகளில் ஒன்று அது.

கிப்புதான் உலகின் முதல் இருமக் கணினின்னு ஒரு வீடியோவில்...

உர்ட்டன் 2003இல், கட்டுபவர் எடுக்கும் முடிவுகள் பல இரண்டில் ஒன்றாக இருப்பதால் (முன்பக்கமா பின்பக்கமா, இந்த முறுக்கா அந்த முறுக்கா) அது இருமக் குறியீடாக இருக்கலாம் என்று ஒரு கருதுகோள் சொன்னார். அதை யாரோ ஊதிப் பெருக்கிவிட்டார்கள். கணினி இல்லை. கணிப்பதற்கே வேறு பலகை இருந்தது என்று மேலே பார்த்தோம்.

இப்போ யாராவது பயன்படுத்துறாங்களா?

ஊரின் சொத்தாக மதித்துக் காக்கிறார்கள். லிமாவுக்கு மேலே மலையில் உள்ள துபிகோச்சா கிராமத்தில் ஒவ்வொரு ஆண்டும் புதிய ஊர்த் தலைவர்கள் பொறுப்பேற்கும்போது கிப்புவை மாலை போல அணிந்துகொள்கிறார்கள். ராபாஸ் என்ற ஊரில் அதற்கென்றே ஒரு பழைய கட்டடம். ஆனால் வாசிக்கத் தெரிந்த கடைசித் தலைமுறை போய்விட்டது. அதற்கு வெளியே, சில மேய்ப்பர்கள் ஆடு, லாமா எண்ணிக்கையை எளிய முடிச்சில் வைக்கும் வழக்கம் 20ஆம் நூற்றாண்டு வரை இருந்தது.

நானே ஒண்ணு கட்டிப் பார்க்கலாமா?

தாராளமாக. சணல் வேண்டாம், பிசிறு அடித்து சுற்றுகளை எண்ணவே முடியாது, நான் ஒருமுறை அதில் கட்டிப்போட்டு 7ஆ 8ஆ என்று எனக்கே தெரியாமல் விழித்தேன். இறுக்கமாக முறுக்கிய பருத்திக் கயிறு நல்லது. ஒரு மாதப் பால் கணக்கு, மின் அளவு மாதிரி ஏதாவது எடுத்துக்கொள்ளுங்கள், வாரத்துக்கு ஒரு கயிறு, கடைசியில் கூட்டுத்தொகைக்கு மேல்நோக்கி ஒரு கயிறு. முடிச்சு கயிற்றை நிறையத் தின்னும், ஆகவே நினைப்பதைவிட இருமடங்கு நீளம் வெட்டுங்கள். நீள் முடிச்சைச் சுற்றிவிட்டு இழுக்கும்போது இரண்டு முனையையும் மெதுவாக இழுக்க வேண்டும், சட்டென்று இழுத்தால் சுற்றுகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி முண்டு முண்டாகிவிடும். ஒன்பது சுற்று ஒழுங்காக வருவதற்கு எனக்கு ஒரு வாரம் பிடித்தது.